சார்னாக்கைட்

சார்னாக்கைட் என்பது குவார்ட்சு, பெல்சுபார் ஆகியவற்றுடன் ஐப்பர்சுதீன் என்னும் கனிமத்தையும் கொண்ட, கருமை நிறமும் மிகுந்த கடினமும் உடைய ஒரு பாறை ஆகும். சென்னையின் தென்புறத்தில் உள்ள பரங்கிமலை, திரிசூலம், பல்லாவரம் ஆகிய இடங்களின் குன்றுகள் இப்பாறையால் ஆனவை. தாம்பரத்திலிருந்து கடற்கரை நோக்கிச் செல்லும் மின்தொடர் வண்டி திரிசூலம் நிலையத்தை நெருங்குகையில் வலப்புறம் தெரியும் குன்றுகள் இவையே. உலகின் நிலவியல் பாடநூல்களில் இடம்பெறும் இப்பாறை முதன்முதலில் இனங்காணப்பட்டது இப்பகுதிக் கல்லைக் கொண்டே. ஆயினும் அதன் பெயர் கொல்கத்தாவில் உள்ள ஒரு கல்லறையிலிருந்து வந்தது. உள்ளூர் மக்கள் இதனைக் கருங்கல் என்பர். உடைத்தபின் ஜல்லி என்பர்.

பெயர்க் காரணம்

ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியின் முகவரான ஜாப் சார்னாக் 1690 ஆகஸ்ட் மாதம் வங்காளத்தின் சுத்தானுட்டி என்னும் ஊரில் கம்பெனியின் குடியிருப்பை அமைத்தார். பின்னாளில் கல்கத்தா நகரமாக வளர்ந்த ஊர்களுள் அதுவும் ஒன்று. சார்னாக் 1693 சனவரியில் (அக்கால ஆங்கிலேய நாட்காட்டிப்படி 1692) இறந்தார். அவரது கல்லறை இன்றும் கொல்கத்தாவின் செயின்ட் ஜான் தேவாலய வளாகத்தில் உள்ளது. அதன்மேல் எழுத்துகள் பொறிக்கப்பட்ட கரிய கற்பலகை ஒன்று பதிக்கப்பட்டுள்ளது.

கொல்கத்தா ஆற்று வண்டலின் மீது அமைந்த நகரம். அங்கே வெட்டியெடுக்கப் பாறை கிடையாது. அப்படியானால் அக்கல் எங்கிருந்து வந்தது? இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த தாமஸ் ஹென்றி ஹாலந்து, சென்னைப் பகுதியின் பாறைகளை ஆராய்ந்தவர். கல்லறைப் பலகையும் பரங்கிமலை, பல்லாவரம் பகுதியின் பாறையும் ஒரே வகையின என்று கண்ட அவர், 1893 ஆம் ஆண்டு வங்காள ஆசியக் கழகத்தின் இதழில் இதனை வெளியிட்டு, சார்னாக்கின் நினைவாகப் பாறைக்குப் பெயரிட்டார். தென்னிந்தியாவில் இப்பாறையும் இதனுடன் தொடர்புடைய பிற பாறைகளும் சேர்ந்த தொகுதியைப் பற்றி 1900 ஆம் ஆண்டு விரிவான நூலையும் எழுதினார்.

சார்னாக்கைக் கல்கத்தாவின் நிறுவனர் எனக் கூறக் கூடாது என்று கல்கத்தா உயர்நீதிமன்றம் 2003 ஆம் ஆண்டு தீர்ப்பளித்தது. அவர் வருவதற்கு முன்பே அங்கு ஊர்கள் இருந்தன என்பதே காரணம். நகரத்தின் மீதிருந்த உரிமை போயிற்று; பல்லாவரத்துப் பாறையின் மீது அவர் பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

கனிமங்கள்

பாறை வேறு, கனிமம் வேறு என்பதை மாணவர்கள் நினைவிற் கொள்ள வேண்டும். பல கனிமங்கள் சேர்ந்ததே பாறை. சார்னாக்கைட்டின் கூறுகளுள் குவார்ட்சும் பெல்சுபாரும் சாதாரண கிரானைட்டிலும் உள்ளவை. ஆனால் இங்கே குவார்ட்சு பெரும்பாலும் நீலச் சாயலுடனும், பெல்சுபார் எண்ணெய் தடவியது போன்ற பசுமை கலந்த பழுப்பு நிறத்துடனும் காணப்படும். புதிதாக உடைத்த கல்லின் முகத்தில் இதனை வெறுங்கண்ணாலேயே காணலாம்.

இப்பாறையின் தனி அடையாளம் ஐப்பர்சுதீன். இது இரும்பும் மக்னீசியமும் கொண்ட ஒரு சிலிக்கேட்டு. பைராக்சீன் குழுவைச் சேர்ந்தது. மாயாசாலக் கதைகளிலும் கணினி விளையாட்டுகளிலும் நிறம் மாறும் மந்திரக் கற்கள் வருவதுண்டு. இக்கனிமம் அதனை உண்மையிலேயே செய்கிறது. மெல்லிய சீவலாகத் தேய்த்து, முனைவாக்கப்பட்ட ஒளியில் நுண்ணோக்கியின் கீழ் வைத்துச் சுழற்றினால், இளஞ்சிவப்பிலிருந்து பச்சைக்கும் மீண்டும் இளஞ்சிவப்புக்கும் மாறும். படிகத்தின் வெவ்வேறு திசைகளில் ஒளி வெவ்வேறு விதமாக உறிஞ்சப்படுவதே இதற்குக் காரணம். 1988 இல் பன்னாட்டுக் கனிமவியல் சங்கம் பைராக்சீன்களின் பெயர்களை ஒழுங்குபடுத்தியபோது ஐப்பர்சுதீன் என்னும் பெயரைத் தனிக் கனிமப் பெயராக ஏற்கவில்லை. இருப்பினும் பாறையியலாளர் இதனை இன்றும் வழக்கில் வைத்துள்ளனர்.

உருவாக்கம்

சென்னைப் பகுதிச் சார்னாக்கைட்டின் வயது ஏறத்தாழ 250 கோடி ஆண்டுகள். 20 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்தில், 700 பாகை செல்சியசைக் கடந்த வெப்பத்தில், நீர் மிகக் குறைந்த சூழலில் இது உருவாகியது. நீர் போதிய அளவு இருந்திருப்பின் ஐப்பர்சுதீனுக்குப் பதிலாக ஆர்ன்பிளெண்டு, கருப்பு மைக்கா போன்றவை தோன்றியிருக்கும். ஆகவே ஐப்பர்சுதீன் அவ்வறட்சிக்குச் சாட்சி. மேலே இருந்த பாறைகள் யாவும் அரிக்கப்பட்ட பின்னரே இது வெளிவந்தது. அதாவது பரங்கிமலைப் படிகளில் ஏறுபவர் ஒரு காலத்தில் நிலவோட்டின் அடிப்பகுதியாக இருந்ததன் மீது நடக்கிறார்.

இது தீப்பாறையா, உருமாறிய பாறையா என்பது நீண்ட விவாதம். ஹாலந்து இதனை உருகிய குழம்பிலிருந்து இறுகிய தீப்பாறை என்றார். கர்நாடகத்தின் கப்பல்துர்கா பகுதியில் நைசுப் பாறை திட்டுத்திட்டாகச் சார்னாக்கைட்டாக மாறியிருப்பதை பிச்சமுத்து 1960 இல் எடுத்துக்காட்டினார். அங்கே கரியமில வாயு நிறைந்த பாய்மங்கள் நீரை வெளியேற்றின என்பது ஒரு விளக்கம். இரு வழிகளிலும் தோன்றக்கூடும் என்பதே இன்றைய பொதுக் கருத்து.

நீலகிரி, சேர்வராயன் மலை, கேரளம், இலங்கையின் மத்திய மலைநாடு, அண்டார்க்டிக்கா ஆகிய இடங்களிலும் இப்பாறை உண்டு. இவை அனைத்தும் கோண்டுவானாப் பெருங்கண்டத்தில் இணைந்திருந்தவை.

பல்லாவரம் குன்றுகளும் கல்குவாரிகளும்

7 ஆம் நூற்றாண்டில் முதலாம் மகேந்திரவர்மன் பல்லாவரத்தில் குடைவித்த குடைவரை இப்போது தர்காவாக உள்ளது. 1863 மே 30 அன்று இராபர்ட் புரூஸ் ஃபுட் பல்லாவரத்தில் பழைய கற்காலக் கருவியைக் கண்டெடுத்தார். அது குவார்ட்சைட்டால் ஆனது, சார்னாக்கைட்டால் அன்று. இரண்டையும் குழப்பிக்கொள்வோர் உளர்.

தென்சென்னைப் புறநகர் வளர்ந்தபோது இக்குன்றுகள் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டு, கிரஷர்களில் அரைபட்டுச் சாலைகளுக்கும் கட்டடங்களுக்கும் ஜல்லியாயின. பரங்கிமலையில் இப்பாறை வெளிப்படும் இடத்தை இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை தேசிய நிலவியல் நினைவுச்சின்னமாக அறிவித்துள்ளது. அவ்வறிவிப்பு காப்பது ஒரு சிறு பகுதியை மட்டுமே. குன்றுகள் இருந்த பல இடங்களில் ஆழ்ந்த குழிகளே எஞ்சியுள்ளன. மழைநீர் தேங்கிய அக்குழிகளில் குளிக்கச் சென்று உயிரிழந்தோர் பலர். விளிம்பிலிருந்து செங்குத்தாக இறங்கும் சுவர்களில் கால் ஊன்ற இடமிராது. குன்றத்தூர் அருகே சிக்கராயபுரத்தில் கைவிடப்பட்ட குவாரிகளின் நீர் 2017, 2019 வறட்சிகளின்போது இறைக்கப்பட்டு, சுத்திகரித்துச் சென்னைக்குக் குடிநீராக வழங்கப்பட்டது.