விலைபோகாத சிப்பி நாய்கள்

1972 கோடையில் மியூனிக் நகரம் ஒலிம்பிக் களையில் இருந்தது. போட்டியின் சின்னம் வால்டி என்ற குட்டைக்கால் நாய். அதைக் கடல் சிப்பியில் செய்து விற்றால் நல்ல காசு பார்க்கலாம் என்று கணக்குப் போட்டு வந்திருந்தார், முப்பதை நெருங்கிக்கொண்டிருந்த எரிக் டி கியா. பிலிப்பைன்ஸின் பாகியோ மலைநகரத்துக்காரர். அமெரிக்காவின் வார்ட்டனில் எம்.பி.ஏ. படித்து, பாரிஸில் பன்னாட்டுப் பொருளாதார அமைப்பொன்றில் ஆய்வாளராக இருந்தவர். அந்த வேலையை உதறிவிட்டு வந்தவருக்குக் கணக்கு தப்பும் என்று தோன்றவே இல்லை.

செப்டம்பர் 5 விடியலில் ஒலிம்பிக் கிராமத்துக்குள் துப்பாக்கி வெடித்தது. இஸ்ரேல் அணியைச் சேர்ந்த 11 பேர் உயிரிழந்தார்கள். துக்கம் கவிந்த ஊரில் பொம்மை நாய் வாங்க யாருக்கு மனம் வரும்? சரக்கு தேங்கியது. வியாபாரம் படுத்துவிட்ட அந்த ஊரிலேயே, கலைஞர்கள் கூடி வாழ்ந்த ஓரிடத்தில் அவர் ஒதுங்கினார். அங்கேதான் சினிமா பயிலும் மாணவர்கள் பழக்கமானார்கள்.

பட்டச் சான்றிதழைக் கிழித்துப் போட்டுவிட்டார். வெர்னர் ஹெர்சாக் 1974இல் எடுத்த காஸ்பர் ஹவுசர் படத்தில் சிறு வேடம் கிடைத்தது. கேமராவுக்கு முன்னால் நின்றவருக்கு அதன் பின்னால் போகும் ஆசை பிடித்தது. கையில் பணம்தான் இல்லை.

காலாவதியான பிலிம் சுருள்களை வைத்துக்கொண்டு படம் பிடிக்க ஆரம்பித்தார். மொத்தச் செலவு சுமார் 10,000 டாலர். கதாநாயகன் அவரேதான். பாலியான் கிராமத்து ஜீப்னி ஓட்டுநர். ராக்கெட் விஞ்ஞானி வெர்னர் ஃபான் பிரவுனுக்கு ரசிகர் மன்றம் நடத்துபவர். அமெரிக்க ராணுவம் விட்டுப்போன ஜீப்புகளைத் தட்டி நிமிர்த்தி, வண்ணம் பூசிப் பிறந்த வண்டி ஜீப்னி. இந்தக் கதைக்கு அதைவிடப் பொருத்தமான வாகனம் கிடையாது. பாரிஸுக்குப் போகும் ஓட்டுநர் அங்கே சூயிங்கம் இயந்திரங்களுக்குக் காவலாகிறார். பழைய சந்தையை விழுங்க எழும் சூப்பர் மார்க்கெட்டைப் பார்க்கப் பார்க்க, மேற்கின் மீதிருந்த மோகம் கரைகிறது. அந்தப் பாத்திரத்தின் பெயர் கிட்லாட் தஹிமிக். தகலோக் மொழியில் ‘அமைதியான மின்னல்’. எரிக் அதையே தன் பெயராக்கிக்கொண்டார்.

1977இல் அந்தப் படம் பெர்லின் விழாவுக்குப் போனது. பன்னாட்டு விமர்சகர் பரிசோடு திரும்பியது. பிறகு பிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலாவின் நிறுவனமே அதை அமெரிக்காவில் வெளியிட்டது. பிலிப்பைன்ஸ் சுயாதீன சினிமாவின் பேச்சை எங்கே தொடங்கினாலும் வந்து நிற்கும் ‘மபபாங்கோங் பாங்குங்கோட்’, அதாவது ‘நறுமணக் கெட்ட கனவு’, பிறந்த கதை இதுதான்.

பெரிய கம்பெனிகள் டேங்க் நிரப்பிக்கொண்டு கிளம்பிப் படமெடுக்கும். தன்னுடையது கோப்பை கோப்பையாகப் பெட்ரோல் ஊற்றி ஓட்டும் வண்டி என்பார் கிட்லாட். காசு தீர்ந்தால் நிறுத்துவார், கிடைத்தால் தொடர்வார். மெகல்லனின் அடிமை என்ரிக்கேயைப் பற்றி 1979இல் தொடங்கிய படம் 2015இல்தான் பெர்லின் திரைக்கு வந்தது. இடையில் நின்ற ஆண்டுகளையெல்லாம் அவர் இழப்பாகக் கருதவே இல்லை. வயதேறிய முகங்களும் வளர்ந்துவிட்ட பிள்ளைகளும் கதைக்குள்ளேயே வந்துவிட்டார்கள். 2018இல் பிலிப்பைன்ஸ் அரசு அவரைத் தேசியக் கலைஞராக அறிவித்தது.

அந்த நாய்களும் வீணாகிவிடவில்லை. 1981இல் அவர் எடுத்த ‘துரும்பா’ படத்தில், திருவிழாவுக்காகக் காகிதக்கூழ் பொம்மை செய்யும் ஒரு கிராமத்துக் குடும்பத்துக்கு ஜெர்மனியிலிருந்து பெரிய ஆர்டர் வருகிறது. வீடு முழுக்கக் குட்டைக்கால் நாய்கள் குவிகின்றன, மியூனிக் ஒலிம்பிக்குக்காக.