வெளிமாநிலத்தவர் வசிப்பிட உரிமை: திண்டுக்கல் நகரமும் சமவெளியும்

வசிப்பிட உரிமை என்பது, ஒரு மாநிலத்திலிருந்து இன்னொரு மாநிலத்துக்குக் குடிபெயர்ந்த ஒருவரை ‘இங்கே வாழ்பவர்’ என்று அரசு அலுவலகங்கள் ஏற்றுக்கொள்ளும் நிலையைக் குறிக்கும். இந்தியாவில் இதற்கெனத் தனிச் சட்டம் கிடையாது. எல்லா இடத்திலும் செல்லுபடியாகும் ஒரே சான்றிதழும் கிடையாது. வாக்காளர் பட்டியல், ஆதார், ரேஷன், வாகனப் பதிவு, மருத்துவப் படிப்பு ஆகிய ஒவ்வொன்றும் தனக்கென ஓர் அளவுகோல் வைத்திருக்கிறது. ஓர் அலுவலகத்தில் ‘உள்ளூர்க்காரர்’ ஆனவர் அடுத்த அலுவலகத்தில் வெளியூர்க்காரராகவே நிற்கக்கூடும்.

திண்டுக்கல், வேடசந்தூர், வடமதுரை வட்டாரங்களின் நூற்பாலைகளுக்கு ஒடிசா, பீகார், ஜார்கண்ட், அசாம் மாநிலங்களிலிருந்து தொழிலாளர்கள் வருவதால், இந்தச் சமவெளியில் இது அன்றாடக் கேள்வியாகிவிட்டது.

அரசியலமைப்பின் நிலை

இந்தியர் எவரும் நாட்டின் எப்பகுதியிலும் சென்று வசிக்கலாம், நிலையாகக் குடியேறலாம் என்கிறது அரசியலமைப்பின் 19ஆவது உறுப்பு. தமிழ்நாட்டில் குடியேற யாரிடமும் அனுமதி பெற வேண்டியதில்லை. பிரதீப் ஜெயின் வழக்கில் 1984இல் உச்ச நீதிமன்றம், இந்தியாவுக்கு ஒரே வாழ்விட உரிமைதான் (டொமிசில்) உண்டு, மாநிலத்துக்கு மாநிலம் தனியாக ஒன்று இல்லை என்று தெளிவுபடுத்தியது. ஆனால் பிறப்பிடத்தை வைத்துப் பாகுபாடு காட்டக்கூடாது என்னும் 15ஆவது உறுப்பு, வசிப்பிடத்தைப் பற்றி வாய் திறக்கவில்லை. மாநிலங்கள் கல்லூரி இடங்களைத் தம் மக்களுக்கு ஒதுக்குவதற்கு இந்த இடைவெளிதான் வழிவிட்டது, 1955இல் டி.பி. ஜோஷி வழக்கில் நீதிமன்றமும் பிறப்பிடம் வேறு, வசிப்பிடம் வேறு என்பதை ஏற்றுக்கொண்டது. முதுநிலை மருத்துவ இடங்களில் மட்டும் வசிப்பிட ஒதுக்கீடு செல்லாது என்று 2025 ஜனவரியில் தீர்ப்பானது.

அரசு வேலையில் நிலைமை வேறு. அங்கே வசிப்பிடத்தை நிபந்தனையாக்கும் அதிகாரம் 16ஆவது உறுப்பின்படி நாடாளுமன்றத்துக்கே உண்டு, மாநிலத்துக்கு இல்லை. ஆந்திரம், தெலங்கானாவுக்கு மட்டும் 371டி உறுப்பு விதிவிலக்கு தருகிறது. தமிழ்நாடு வேறு வழியில் வேலி போட்டது. 2021 டிசம்பர் ஆணையின்படி அரசுப் பணித் தேர்வுகளில் தமிழ்த் தாள் கட்டாயம். அதில் 40 விழுக்காடு எடுக்காதவரின் மற்ற விடைத்தாள்கள் திருத்தப்படுவதே இல்லை. எங்கே வசிக்கிறாய் என்று கேட்க முடியாத இடத்தில், தமிழ் தெரியுமா என்று கேட்கப்படுகிறது.

வட்டாட்சியர் அலுவலகச் சான்றுகள்

வருவாய்த் துறை தரும் சான்றுகளில் இரண்டைப் பலரும் ஒன்றென எண்ணிக் குழப்பிக்கொள்கிறார்கள். ‘நேட்டிவிட்டி’ எனப்படும் பிறப்பிடச் சான்றிதழ், ஒருவர் தமிழ்நாட்டைச் சேர்ந்தவர் என்பதற்கானது. வசிப்பிடச் சான்றிதழ், அவர் இப்போது இந்த முகவரியில் குடியிருக்கிறார் என்பதை மட்டும் சொல்வது. கல்லூரிச் சேர்க்கைக்கு வேண்டியது முன்னது; வெளிமாநிலத்திலிருந்து வந்தவருக்குக் கிடைக்கக்கூடியது பெரும்பாலும் பின்னது. இரண்டுக்கும் இ-சேவை மையத்திலேயே விண்ணப்பிக்கலாம். மனு முதலில் கிராம நிர்வாக அலுவலரிடமும், அடுத்து வருவாய் ஆய்வாளரிடமும் சென்று, வட்டாட்சியர் அலுவலகத்தில் முடிவாகும். திண்டுக்கல் நகரமும் சுற்றுப்புறமும் கிழக்கு, மேற்கு என இரு வட்டங்களாகப் பிரிந்திருப்பதால், குடியிருக்கும் தெரு எந்த வட்டத்தில் வருகிறது என்பதை முதலில் பார்த்துக்கொள்வது அலைச்சலைக் குறைக்கும்.

வாடகை ஒப்பந்தம், மின்கட்டண ரசீது, ஆதார் ஆகியவை வழக்கமாகக் கேட்கப்படும் ஆவணங்கள். தமிழ்நாட்டின் 2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் எழுத்து வடிவ ஒப்பந்தத்தையும், அதை வாடகை அதிகார அமைப்பிடம் பதிவு செய்வதையும் கட்டாயமாக்கியது. ஆனால் ஆலை வளாகத்து ஹாஸ்டலில் பத்துப் பேரோடு ஓர் அறையில் தங்கும் தொழிலாளிக்கு வீட்டு உரிமையாளரும் இல்லை, தன் பெயரில் மின் இணைப்பும் இல்லை. வசிப்பிடத்தை நிரூபிக்கும் விதிகள் எல்லாம் வாடகை வீட்டை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. நடைமுறையில் மிகப் பெரிய தடை இதுதான்.

ஆதார் முகவரியை மாற்றுவது இவற்றுள் எளிது. குடும்பத் தலைவரின் ஒப்புதலைக் கொண்டே மற்றவர்கள் முகவரி மாற்றும் வசதி 2023இல் வந்தது. ஆனாலும் ஆதார் எண் குடியுரிமைக்கோ வாழ்விட உரிமைக்கோ சான்றாகாது என்று அதன் 2016ஆம் ஆண்டுச் சட்டத்தின் 9ஆவது பிரிவே கூறுகிறது. எல்லா அலுவலகங்களும் முதலில் கேட்கும் அட்டை, தன்னை நம்ப வேண்டாம் என்று தானே சொல்லிக்கொள்கிறது.

வாக்குரிமை

மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம், 1950இன் 19ஆவது பிரிவு, தொகுதியில் ‘சாதாரணமாக வசிப்பவர்’ வாக்காளராகலாம் என்கிறது. எத்தனை நாள் வசித்திருக்க வேண்டும் என்று கணக்குச் சொல்லவில்லை. சொந்த வீடு இருப்பதால் மட்டும் ஒருவர் அங்கு வசிப்பவர் ஆகிவிடமாட்டார். தற்காலிகமாக வெளியே போனதால் வசிப்பவர் இல்லை என்றும் ஆகிவிடாது. இந்த இரண்டாவது விதி ஒருவர் வேலைக்கு வந்த ஊருக்கும் பொருந்தும், அவர் விட்டுவந்த ஊருக்கும் பொருந்தும். தீபாவளிக்கோ பீகார்க்காரர்களின் சத் பூஜைக்கோ ஊர் திரும்பும் ஆலைத் தொழிலாளி எந்த ஊரில் ‘சாதாரணமாக’ வசிக்கிறார் என்பதை அவரே தீர்மானித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. இரண்டு இடங்களில் பெயர் வைத்திருக்கச் சட்டம் விடாது. பொய் உறுதிமொழி கொடுத்தால் ஓராண்டு வரை சிறைத் தண்டனை உண்டு.

ஏற்கெனவே வேறு மாநிலத்தில் வாக்காளராக இருப்பவர் இடமாற்றத்துக்குப் படிவம் 8 கொடுக்க வேண்டும்; முதன்முறை சேர்பவருக்குப் படிவம் 6. வீடற்றவர்களிடம் முகவரி ஆவணம் கேட்பதில்லை. வாக்குச்சாவடி நிலை அலுவலர் இரவில் நேரில் சென்று, அவர் அங்கேதான் உறங்குகிறாரா என்று பார்த்து உறுதி செய்துகொள்ள வேண்டும். நடைபாதையில் படுப்பவருக்குக் காட்டப்படும் இந்தப் பரிவு ஹாஸ்டலில் படுப்பவருக்கும் நீள வேண்டும் என்பதே நியாயம். வேடசந்தூர் தொகுதியில் பெயர் சேர்ப்பவர் ஒன்றைத் தெரிந்துகொள்வது நல்லது: மாவட்டம் திண்டுக்கல்லாக இருந்தாலும், மக்களவைத் தேர்தலில் அந்தப் பகுதி கரூர் தொகுதியில் சேர்கிறது.

வெளிமாநிலத்தவர் பெருமளவில் வாக்காளராகச் சேர்ந்தால் மாநில அரசியலின் முகம் மாறிவிடும் என்ற கவலை, 2025இல் வாக்காளர் பட்டியலின் சிறப்புத் தீவிரத் திருத்தத்தையொட்டித் தமிழ்நாட்டில் உரக்கப் பேசப்பட்டது. இருந்த இடத்திலிருந்தே சொந்தத் தொகுதிக்கு வாக்களிக்கும் தொலைதூர இயந்திரத்தைத் தேர்தல் ஆணையம் 2023 ஜனவரியில் கட்சிகளுக்குக் காட்ட முன்வந்தபோது, எதிர்க்கட்சிகள் அதையும் ஏற்கவில்லை. ஆக, இங்குள்ள தொகுதியிலும் வேண்டாம், சொந்தத் தொகுதியிலும் வேண்டாம். மறுபக்கம், மாநிலங்களவை உறுப்பினராகப் போட்டியிட அந்த மாநிலத்தில் வசித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை நாடாளுமன்றம் 2003லேயே நீக்கிவிட்டது. ஆலைத் தொழிலாளியிடம் கேட்கப்படும் முகவரி, ஒரு மாநிலத்தின் பெயரால் அவையில் அமர்பவரிடம் கேட்கப்படுவதில்லை.

ரேஷன் அட்டை

தமிழ்நாட்டில் ஒருவரை ‘நம்மூர்க்காரர்’ ஆக்குவது எதுவென்று கேட்டால், சட்டப் புத்தகம் என்ன சொன்னாலும், நடைமுறையில் பதில் ரேஷன் அட்டைதான். பொங்கல் பரிசு முதல், 2023 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய மகளிர் உரிமைத் தொகையின் 1,000 ரூபாய் வரை, அந்த அட்டையைப் பிடித்துக்கொண்டே வருகின்றன.

‘ஒரே நாடு ஒரே ரேஷன் அட்டை’ திட்டத்தில் தமிழ்நாடு 2020 அக்டோபரில் சேர்ந்தது. இதன்படி பீகார் அட்டைதாரர் திண்டுக்கல் கடையில் கைரேகை வைத்து அரிசியோ கோதுமையோ பெறலாம். ஆனால் அவருக்குக் கிடைப்பது தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் பங்கு மட்டுமே. தமிழ்நாடு தன் செலவில் தரும் துவரம் பருப்பும் பாமாயிலும் கிடையாது. அவற்றையும் பெற வேண்டுமானால் இங்கே புதிய அட்டை எடுக்க வேண்டும். அதற்குப் பழைய மாநிலத்து அட்டையிலிருந்து பெயரை நீக்கிய சான்று வேண்டும். மனைவி, மக்கள், பெற்றோர் ஊரிலேயே இருக்க, தான் மட்டும் வந்தவர் அந்தப் பெயர் நீக்கத்துக்குத் துணிவதில்லை. குடும்பத்தோடு வந்து, குழந்தையைப் பள்ளியில் சேர்த்தவரே இதைச் செய்கிறார். உண்மையில் ஒருவர் குடியேறிவிட்டார் என்பதற்கு எந்தச் சான்றிதழையும்விட அந்தப் பெயர் நீக்கம் நம்பத்தக்க அடையாளம்.

கல்வியும் இடஒதுக்கீடும்

வெளிமாநிலத்தவரின் பிள்ளைகள் 8 முதல் 12ஆம் வகுப்பு வரை தமிழ்நாட்டில் படித்திருந்தால் பொறியியல் கலந்தாய்வில் கலந்துகொள்ளலாம். மருத்துவத்துக்கு 6 முதல் 12 வரை படித்திருக்க வேண்டும். இரண்டிலும் அவர்கள் பொதுப்பிரிவினராகவே கருதப்படுவார்கள்.

இதன் விளைவு கடுமையானது. பட்டியல் சாதி, பழங்குடிப் பட்டியல்கள் அந்தந்த மாநிலத்தைப் பொறுத்தே அறிவிக்கப்படுகின்றன. மாநில எல்லையைத் தாண்டினால் அந்தத் தகுதி கூடவே வருவதில்லை என்று மர்ரி சந்திரசேகர ராவ் வழக்கில் 1990இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒடிசாவில் பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் திண்டுக்கல் மாவட்டத்தில் எத்தனை ஆண்டு வாழ்ந்தாலும், தனித் தொகுதியான நிலக்கோட்டையில் அந்தத் தகுதியைக் காட்டிச் சட்டமன்றத்துக்குப் போட்டியிட முடியாது. சாதியின் இழிவு ரயிலில் கூடவே வருகிறது. அதற்கான பரிகாரம் மட்டும் எல்லையில் இறங்கிவிடுகிறது.

தாய்மொழிக்கும் இதற்கும் தொடர்பில்லை. நகரின் சௌராஷ்டிரக் குடும்பங்களும், சுற்றுவட்டாரத்தில் தெலுங்கும் கன்னடமும் பேசும் சமூகங்களும் பல தலைமுறைகளுக்கு முன்பே வந்தவர்கள். சௌராஷ்டிரர் தமிழ்நாட்டின் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலிலேயே இருக்கிறார்கள். அவர்களின் முன்னோர் எவரும் சான்றிதழோடு வரவில்லை.

வாகனம்

வேறு மாநிலப் பதிவெண் கொண்ட வண்டியைப் பன்னிரண்டு மாதங்களுக்கு மேல் இங்கே வைத்திருந்தால், மோட்டார் வாகனச் சட்டத்தின் 47ஆவது பிரிவின்படி தமிழ்நாட்டுப் பதிவுக்கு மாற்ற வேண்டும். பழைய அலுவலகத்தின் தடையின்மைச் சான்றும் இங்கே சாலை வரியும் கட்டாயம். அதன் பிறகு வண்டிக்கு டிஎன் 57 என்ற திண்டுக்கல் எண் கிடைக்கும். ஓட்டுநர் உரிமம் நாடெங்கும் செல்லும்.

தொழிலாளர் சட்டம்

மாநிலங்களுக்கு இடையே புலம்பெயரும் தொழிலாளர்களுக்கென 1979இல் வந்த சட்டம், ஒப்பந்ததாரருக்கு உரிமத்தையும் தொழிலாளிக்குப் புகைப்படத்துடன் கூடிய பாஸ்புத்தகத்தையும் கட்டாயமாக்கியது. ஒழுங்காக வழங்கப்பட்டிருந்தால் அந்தப் பாஸ்புத்தகமே நல்லதொரு வசிப்பிட ஆவணமாகியிருக்கும். அதன் இடத்தைப் பிடித்த 2020ஆம் ஆண்டுத் தொழிற்பாதுகாப்புத் தொகுப்பு 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்தது. ஏஜெண்ட் இல்லாமல் தானாக வந்தவரையும் அது புலம்பெயர் தொழிலாளியாக ஏற்கிறது. ரேஷனைச் சொந்த மாநிலத்திலோ வேலை செய்யும் மாநிலத்திலோ பெறும் தெரிவையும் தருகிறது.

முகவரி இருந்தும் உரிமை இல்லாதோர்

மேற்சொன்ன எல்லாவற்றுக்கும் அடியில் இந்தியக் குடியுரிமை இருக்கிறது. அது இல்லாவிட்டால் எத்தனை ஆண்டு வாழ்ந்தாலும் வாக்குரிமை கிடையாது. திண்டுக்கல்லை அடுத்த தோட்டனூத்தில் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாமினருக்காகக் கட்டப்பட்ட 321 வீடுகளை 2022 செப்டம்பரில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் திறந்துவைத்தார். ஆலைத் தொழிலாளிக்குக் கிடைக்காத வீடும் தெருவும் அவர்களிடம் உண்டு. ஆனால் தொழிலாளிக்குப் படிவம் 8இல் கிடைக்கும் வாக்குரிமை அவர்களுக்கு இல்லை. 2019ஆம் ஆண்டுக் குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இலங்கை இடம்பெறவில்லை. 2004 டிசம்பருக்குப் பின் இங்கேயே பிறந்த பிள்ளையும், பெற்றோரில் ஒருவர் சட்டவிரோதக் குடியேறி என்று கருதப்பட்டால், பிறப்பால் இந்தியர் ஆவதில்லை. 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழருக்குக் கடவுச்சீட்டும் விசாவும் இல்லாததற்கான தண்டனையிலிருந்து விலக்களிக்கும் ஆணையை ஒன்றிய உள்துறை அமைச்சகம் 2025 செப்டம்பரில் வெளியிட்டது. அந்த விலக்கு குடியுரிமையைத் தரவில்லை.