வழக்கு காத்த பிம்பம்

தென்னாட்டு மௌனப் படங்களைப் பற்றி எழுதுவது பெரும்பாலும் பெயர்களைப் பற்றி எழுதுவதுதான். கீழ்ப்பாக்கத்தில் நடராஜ முதலியார் எடுத்த 'கீசகவதம்' இல்லை. அதன் திரௌபதியும் இல்லை. நைட்ரேட் சுருள் மக்கிவிடும் என்பது பாதிக் காரணம். காப்பாற்றத் தகுந்த பொருள் என்று யாரும் கருதவில்லை என்பது மறுபாதி.

ஏறக்குறைய முழுதாகக் கிடைப்பது 'மார்த்தாண்ட வர்மா' (1933) ஒன்றுதான். தயாரித்தவர் நாகர்கோவில் சுந்தர்ராஜ், இயக்கியவர் பி. வி. ராவ். மூலம் சி. வி. ராமன் பிள்ளையின் மலையாள நாவல் (1891). கதை நடக்கும் கல்குளம், பத்மநாபபுரம் பகுதிகள் 1956 முதல் தமிழ்நாட்டைச் சேர்ந்தவை.

தலைப்பு அரசனுடையது, பாரம் சுமப்பவள் சுபத்திரா. இளவரசனைக் கொல்லச் சதி செய்யும் எட்டுவீட்டுப் பிள்ளைமாரில் ஒருவரான குடமண் பிள்ளை அவள் தாய்மாமன். கணவன் சந்தேகப்பட்டு விட்டுப் போனவன். பட்டாணியரோடு வேறு பெயரில் வாழ்கிறான். இளவரசனைக் காப்பாற்றினால் ரத்த உறவுக்குத் துரோகம், வாளாவிருந்தால் மனசாட்சிக்குத் துரோகம். அவள் காப்பாற்றுகிறாள். இழந்த கணவன் திரும்பக் கிடைக்கும் நேரத்தில் மாமன் கையால் சாகிறாள். அனந்தபத்மநாபனுக்குப் பாருக்குட்டி கிடைக்கிறாள், வர்மாவுக்கு ராஜ்யம் கிடைக்கிறது. எல்லோருடைய கணக்கும் அவள் உயிரில் நேர்செய்யப்படுகிறது. கடமையைப் புகழும் நம் கதைகளில் அதன் விலையை எப்போதும் ஒரு பெண்தான் கொடுக்கிறாள். ராமன் பிள்ளை அந்த விலையை மறைக்கவில்லை. அதுவே நாவலின் பலம்.

நாவலில் அவள் நிறையப் பேசுகிறாள். படத்தில் முகமும் கையும் எழுத்தட்டையும்தான். 1931இலேயே 'காளிதாஸ்' பேசிவிட்ட பிறகு வந்த மௌனம் இது.

திருவனந்தபுரத்தில் வெளியானதும் நாவலின் உரிமை பெற்றிருந்த கமலாலயா புத்தக டிப்போ வழக்குத் தொடர்ந்தது. படம் நின்றது. தயாரிப்பாளருக்கு அது நாசம். ஆனால் ஊர் ஊராக ஓடித் தேய்ந்து அழிந்திருக்க வேண்டிய பிரதி, பதிப்பகத்தின் வசம் தங்கிவிட்டது. 1974இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பெற்றது.

பாரிஸில் 1936இல் சினிமாத்தெக்கைத் தொடங்கிய ஹென்றி லாங்லுவா காதலால் படங்களைச் சேர்த்தார். இங்கே அந்த வேலையைத் தன்னையறியாமல் செய்தது ஒரு தடை. சுபத்திராவின் முகம் நமக்கு மிஞ்சியது ரசனையால் அல்ல என்பதை நாம் ஒப்புக்கொள்ள வேண்டும்.

'கீசகவத'த்தின் திரௌபதிக்கு அப்படி ஒரு வழக்குக்கூட வாய்க்கவில்லை.