முதலுக்கு இருமடங்கு: வடசென்னையில் வீட்டுக் கடனின் விலை

ராயபுரத்திலோ திருவொற்றியூரிலோ வீட்டுக்காகக் கடன் தேடுகிறவர் முதலில் கேட்பது "வட்டி எவ்வளவு?" என்றுதான். வட்டிக்காரர் கணக்கில் நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய், மூன்று ரூபாய் என்று புழங்கிய வட்டி, வங்கியில் இன்று மாதம் எழுபது காசை ஒட்டி நிற்கிறது. ஆனால் ஒரு கூலிக் குடும்பம் வீட்டுக் கடனுக்காக ஆயுளில் செலுத்தும் மொத்தத் தொகை அந்த அளவுக்கு இறங்கவில்லை. வட்டி வீதத்தில் குறைந்த பாரம் தவணைக் காலத்தில் ஏறிக்கொண்டது. கடனின் விலை வீதத்திலிருந்து காலத்துக்கு இடம்பெயர்ந்த இந்த வரலாற்றைத் துறைமுகத்துக்கும் எண்ணூர் முகத்துவாரத்துக்கும் இடைப்பட்ட தொழிற்பகுதியை வைத்துத் தொடர முயல்கிறது இக்கட்டுரை.

பத்திரத்தை வைத்துப் பணம்

இந்தியாவில் வீட்டு அடமானத்துக்கு இன்றும் அடிப்படை 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம். அதன் 58-ஆம் பிரிவு அடமானங்களை வகைப்படுத்துகிறது. அவற்றில் இரண்டு இப்பகுதிக்கு முக்கியமானவை. ஒன்று, ஊரார் போக்கியம் என்று சொல்வது: கடன் கொடுத்தவர் வீட்டை அனுபவிப்பார், அந்த அனுபவமே வட்டிக்கு ஈடு. மற்றொன்று, மூலப் பத்திரத்தைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைத்துப் பணம் பெறுவது. வணிக நகரங்களில் அவசரத்துக்குப் பணம் புரள வேண்டும் என்பதற்காகக் கல்கத்தா, சென்னை, பம்பாய் போன்ற சில நகரங்களுக்கு மட்டும் இந்த இரண்டாவது வழியைச் சட்டம் திறந்துவிட்டது. அரசு அறிவிக்கும் பிற ஊர்களுக்கு அது பின்னர் விரிந்தது. ஜார்ஜ் டவுன் வணிகருக்கு வசதியாக வந்த ஏற்பாட்டின் மேல்தான் இன்றைய வங்கி வீட்டுக் கடன் முழுவதும் நிற்கிறது.

போக்கியத்தில் ஒரு நேர்மை இருந்தது என்பது என் கருத்து. ஐந்து லட்சம் கொடுத்து வாடகையில்லாமல் குடியிருப்பவருக்கும், வாங்கியவருக்கும், அந்தப் பணத்தின் வட்டி என்னவென்று தெரியும். வெளியே அதே வீட்டுக்குக் கிடைக்கும் வாடகைதான் அது. காலம் முடிந்ததும் வாங்கிய முதலைத் திருப்பினால் போதும். தொகை வளராது. தண்டையார்பேட்டைத் தெருக்களில் இன்றும் "லீசுக்கு வீடு" என்று எழுதித் தொங்கும் பலகைகளுக்குப் பின்னால் இருப்பது இந்தப் பழைய கணக்கே. எழுத்து முறையாக இல்லாததால் அதில் ஏமாந்தவர்கள் உண்டு என்பது வேறு சங்கதி.

வளரும் வட்டிக்கு எல்லை வேண்டும் என்ற எண்ணமும் பழையது. நிலுவை வட்டி எந்தக் கட்டத்திலும் முதலை மிஞ்சக் கூடாது என்ற தாம்துபத் விதியைப் பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் நீதிமன்றங்கள் கடைப்பிடித்தன. சென்னையில் அதைப் பொதுவாக ஏற்கவில்லை. ராஜாஜி அமைச்சரவை 1938-இல் கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் அதனினும் ஒரு படி மேலே போனது. 1932 அக்டோபருக்கு முந்தைய கடன்களில், வட்டியாகவோ முதலாகவோ முதலைப் போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்தியிருந்தால் அக்கடன் தீர்ந்ததாகவே கொள்ள வேண்டும் என்றது. உழவருக்குக் கிடைத்த இந்த வரம்பு ஆலைத் தொழிலாளிக்கோ துறைமுகக் கூலிக்கோ கிடைக்கவில்லை. இன்று 8.5 சதவீத வட்டியில் 20 லட்சம் ரூபாயை 20 ஆண்டுக்கு வாங்குபவர் மாதம் 17,356 ரூபாய் வீதம் கட்டி முடிக்கும்போது கொடுத்திருக்கும் தொகை 41 லட்சத்து 65 ஆயிரத்துச் சொச்சம். 1938-இன் எல்லைக்கோட்டைத் தாண்டிய அந்தக் கடன் எந்தச் சிக்கலும் இல்லாத, ஒழுங்காக அடைந்த கடன்.

மாதச் சம்பளமும் மாதத் தவணையும்

நீண்டகாலத் தவணைக் கடனுக்கு முன்நிபந்தனை, தேதி தவறாமல் வரும் கூலி. தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856-இல் ராயபுரத்திலிருந்து புறப்பட்டது. பெரம்பூரில் பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகளும், விடுதலைக்குப் பின் எண்ணூரில் அசோக் லேலண்டும், 1955-இல் திருவொற்றியூரில் என்ஃபீல்டும், அவற்றைச் சுற்றி விம்கோ, எம்.ஆர்.எஃப். போன்றவையும் வந்தன. மாதம் பிறந்தால் சம்பளம் என்ற நிலை ஓர் ஊருக்கே ஏற்பட்டது. அமெரிக்காவில் 1930-களின் பெருமந்தத்துக்குப் பிறகுதான், ஐந்தாண்டில் மொத்தமாகத் திருப்ப வேண்டிய வீட்டுக் கடன் போய், முதலும் வட்டியும் கலந்த நீண்ட மாதத் தவணை அரசு ஆதரவோடு பரவியது. நம் நாட்டில் அது தனியார் கைக்கு வந்தது 1977-இல் எச்.டி.எஃப்.சி. தொடங்கிய பிறகு.

அதற்கு முன்பே நம்மிடம் வேறொரு முறை இருந்தது. அதைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் கடனின் உண்மை விலை எங்கே ஒளிந்திருக்கிறது என்பதை அது அப்பட்டமாகக் காட்டுகிறது. ரயில்வே உள்ளிட்ட மத்திய அரசு ஊழியர்களுக்கான வீடு கட்டும் முன்பணத்தில் முதலில் பிடிப்பது அசல், பிறகுதான் வட்டி. அதிகபட்சம் 180 மாதங்களில் அசலும், அடுத்த 60 மாதங்களில் வட்டியும் சம்பளத்தில் கழியும். வட்டி தனிவட்டி. அதாவது குறைந்துகொண்டே வரும் அசலுக்கு மட்டும் கணக்கிட்டு ஓரமாக எழுதிவைப்பார்கள். வட்டிக்கு வட்டி கிடையாது. 2017-இல் திருத்திய விதிகளில் இதன் வீதம் 8.5 சதவீதம், உச்சவரம்பு 25 லட்சம்.

அதே 20 லட்சம், அதே 8.5 சதவீதம், அதே 20 ஆண்டு. ரயில்வேக்காரர் 15 ஆண்டு மாதம் 11,111 ரூபாய் கட்டுகிறார். வட்டி 12 லட்சத்து 82 ஆயிரம் சேர்ந்திருக்கும். அதைக் கடைசி ஐந்தாண்டில் மாதம் சுமார் 21,370 ரூபாயாகக் கட்டுகிறார். மொத்தம் 32.8 லட்சம். பக்கத்து வீட்டில் வங்கிக் கடன் வாங்கியவர் கட்டியது 41.65 லட்சம். ஏறத்தாழ 9 லட்ச ரூபாய் வித்தியாசத்துக்கு வட்டி வீதம் காரணமே அல்ல. வருகிற பணத்தை எந்தக் கணக்கில் முதலில் வரவு வைப்பது என்ற வரிசைதான் காரணம். வங்கியின் முதல் மாதத் தவணை 17,356-இல் 14,167 வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 3,189. பத்தாண்டு தவறாமல் டியூ கட்டி, கையை விட்டு 20.8 லட்சம் போன பிறகும் 14 லட்சம் பாக்கி நிற்கும். பாதிக் காலம் போனால் பாதிக் கடன் போயிருக்கும் என்று நினைக்கும் குடும்பம்தான், இடையில் வீட்டை விற்க நேரும்போது திகைக்கிறது.

வாரியங்கள்

அரசு ஊழியரல்லாத பெரும்பான்மைக்கு வழிகாட்டியது வாரியம். 1947-இல் தொடங்கிய நகர மேம்பாட்டு அறக்கட்டளை 1961-இல் தமிழ்நாடு வீட்டுவசதி வாரியமாக மாறியது. குடிசை மாற்று வாரியம் 1970-இல் பிறந்தது. உலக வங்கி உதவியுடன் 1977-இல் தொடங்கிய சென்னை நகர்ப்புற வளர்ச்சித் திட்டத்தில் அரும்பாக்கம், வில்லிவாக்கத்தோடு கொடுங்கையூரிலும் சிறு மனைகள் பிரித்துத் தந்தார்கள். தவணைமுறைக் கொள்முதல் என்பதால் கடைசித் தவணை வரை கிரயப் பத்திரம் கைக்கு வராது. பத்திரம் இல்லாத வீட்டை ஈடு வைக்க முடியாது, முறையாக விற்கவும் முடியாது.

வாரிய வீடுகளில் இன்னொரு விலையும் உண்டு. ஒதுக்கும்போது சொல்வது தற்காலிக விலை. கையகப்படுத்திய நிலத்துக்கு நீதிமன்றம் பின்னாளில் இழப்பீட்டைக் கூட்டினால் அது இறுதி விலையில் ஏறும். தவணை முடித்துவிட்டதாக நம்பியிருந்தவர்களுக்குப் பல ஆண்டு கழித்துக் கூடுதல் தொகை கேட்டு வந்த கடிதங்களும் அதன் மேல் ஏறிய அபராத வட்டியும் தமிழகம் முழுவதும் தெரிந்த வழக்குகள். அபராத வட்டித் தள்ளுபடிகளை அரசு மீண்டும் மீண்டும் அறிவிக்க வேண்டியிருந்ததே அதற்குச் சான்று. 

வீட்டின் ஆயுள் என்று ஒன்று இருப்பதையும் மறக்கக் கூடாது. 1993-இல் கட்டிய திருவொற்றியூர்க் குடிசை மாற்று வாரியக் குடியிருப்பின் ஒரு தொகுதி 2021 டிசம்பர் 27 அன்று சரிந்தது. முன்கூட்டியே வெளியேறியதால் உயிர்கள் தப்பின. கட்டி 28 ஆண்டுதான். இன்று அந்த வட்டாரத்தில் விளம்பரமாகும் கடன்களில் பல 30 ஆண்டுக்கானவை. உப்புக்காற்று கம்பியைத் தின்னும் கரையோரத்தில், கடனை விடச் சீக்கிரம் முடிந்துபோகும் கட்டடத்துக்கு ஆகும் பராமரிப்புச் செலவை எந்தக் கடன் விண்ணப்பமும் கேட்பதில்லை.

மிதக்கும் வட்டி

தொண்ணூறுகளில் வட்டி வீதங்கள் கட்டுப்பாட்டிலிருந்து விடுபட்டன. அன்று வீட்டுக் கடன் நிறுவனங்கள் பல, கட்டிய அசலை ஆண்டு முடிவில்தான் கழித்தன. 13 சதவீதத்தில் 15 ஆண்டுக்கு ஒரு லட்சம் வாங்கினால் மாதாமாதம் கழிக்கும் முறையில் தவணை 1,265 ரூபாய். ஆண்டுக்கொரு முறை கழித்தால் 1,290. விளம்பரத்தில் இரண்டுமே 13 சதவீதம்தான்.

அதன்பின் மிதக்கும் வட்டி வந்தது. 2010-இல் அடிப்படை வீதம், 2016-இல் வங்கி நிதி திரட்டும் செலவை ஒட்டிய எம்.சி.எல்.ஆர்., 2019 அக்டோபர் முதல், ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வீதமான ரெப்போ போன்ற வெளி அளவுகோல் என்று கணக்கிடும் முறையை ரிசர்வ் வங்கி மாற்றிக்கொண்டே வந்தது, குறைப்பு கடன்காரரை எட்டவில்லை என்ற புகாரே ஒவ்வொரு முறையும் காரணம். ஏற்றம் எட்டாமல் போனதாக ஒருமுறையும் புகார் எழவில்லை. ரெப்போ 2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5-ஐ அடைந்தது.

2021 பிப்ரவரியில் மெட்ரோ விம்கோ நகர் வரை நீண்டு, அதையொட்டி அடுக்குமாடி விளம்பரங்கள் பெருகிய காலத்தில், 6.7 சதவீதத்தில் 20 லட்சம் வாங்கிய ஒருவரைக் கற்பனை செய்வோம். 20 ஆண்டுத் தவணை 15,148 ரூபாய். இரண்டாண்டு கழித்து வீதம் 9.2 ஆகிறது, பாக்கி 18.98 லட்சம். அந்த மாத வட்டி மட்டுமே 14,550-ஐத் தாண்டும். தவணைத் தொகையை மாற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால், மீதமிருந்த 18 ஆண்டு 35 ஆண்டாகிவிடும். வீதம் அப்படியே நின்றால் மொத்தம் கட்ட வேண்டியது 36.4 லட்சத்திலிருந்து ஏறத்தாழ 68 லட்சமாகும். தவணையை 18,012 ஆக உயர்த்தியிருந்தால் 42.5 லட்சத்தில் முடிந்திருக்கும். மாதம் 2,864 ரூபாயைத் தவிர்த்ததன் விலை 25 லட்சம். ஓய்வு வயதுக்கு மேல் வங்கிகள் காலத்தை நீட்டுவதில்லை என்பதாலும், 2025-இல் ரெப்போ மீண்டும் இறங்கியதாலும் நடைமுறையில் இந்த உச்சத்தை எட்டியவர் குறைவு. ஆனால் கையெழுத்துக் கேட்காமலே பல கடன்களின் காலம் நீண்டது. அதனால்தான் 2023 ஆகஸ்டில், தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்டாக வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது.

இந்தக் கணக்குகளுக்கு ஒரு நியாயமான மறுப்பு உண்டு. இருபதாம் ஆண்டின் ரூபாயும் இன்றைய ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால் கடைசித் தவணை 17,356-இன் இன்றைய மதிப்பு 6,500 ரூபாய்தான். எனவே 41 லட்சம் என்ற கூட்டல் மிரட்டலே தவிர உண்மை விலை அல்ல என்று பொருளியலாளர் சொல்வார். சம்பளமும் விலைவாசியோடு ஏறுகிறவருக்கு அது சரி. பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகள் 1996-இல் மூடின. எண்ணூர் அனல்மின் நிலையம் 2017-இல் நின்றது. நிரந்தரப் பணி இருந்த இடங்களில் இன்று ஒப்பந்தத் தொழிலாளர்களும் சரக்குப்பெட்டி லாரி ஓட்டுபவர்களும் இருக்கிறார்கள். சம்பளம் நிலையாக இருந்த தலைமுறைக்கு 15 ஆண்டுக் கடன். நிலையற்ற தலைமுறைக்கு 30 ஆண்டுக் கடன். பணவீக்கம் இவர்களுக்காகக் கடனைக் கரைக்கும் என்று நம்புவது துணிச்சல்.

விளிம்பில் இருப்பவர் நிலை இன்னும் கடினம். நத்தம், புறம்போக்கு, கோயில் நிலம் என்று பட்டா தெளிவில்லாத மனைகள் இங்கே நிறைய. வங்கி மறுத்தால் கூடுதல் வட்டியில் சிறு கடன் நிறுவனம். அதுவும் மறுத்தால் தண்டல், மீட்டர் வட்டி. இவற்றைப் பெயர் சொல்லியே தடைசெய்தது 2003-இன் தமிழ்நாடு கந்துவட்டித் தடைச் சட்டம். வங்கித் தவணை மூன்று மாதம் நின்று, ஈடு வைத்த வீட்டை வங்கியே கைப்பற்ற வழிசெய்யும் 2002-இன் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் வந்துவிடுமோ என்ற பயத்தில் தண்டல் வாங்கி டியூ கட்டுகிறவரின் உண்மையான வட்டி 8.5 சதவீதம் என்று எப்படிச் சொல்வது?

வீதத்துக்கு வெளியே உள்ள செலவுகள் இவற்றோடு சேரும். கிரயத்துக்கு 7 சதவீத முத்திரைத் தீர்வை, 2 சதவீதப் பதிவுக் கட்டணம், பத்திரம் ஒப்படைக்கும் ஆவணத்துக்குத் தனிச் செலவு, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் காப்பீடு. 2024 அக்டோபர் முதல், இத்தகைய கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டு வீதத்தை ஒரே தாளில் எழுதிக் கொடுக்க வேண்டும். மிதக்கும் வட்டிக் கடனை முன்கூட்டி அடைக்க 2012 முதல் வங்கிகள் அபராதம் வசூலிக்க முடியாது. முதலில் சொன்ன கடனில் தொடக்கத்திலிருந்தே மாதம் 2,000 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் அது பதினைந்தரை ஆண்டில் முடியும். மிச்சம் ஐந்தரை லட்சம். 1938-இல் சட்டம் வகுத்த இருமடங்கு எல்லைக்குள் ஒருவர் தாமாகவே நிற்க இன்று கிடைக்கும் வழிகளில் இது ஒன்று.

கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தராவிட்டால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் நடப்பில் இருக்கிறது. பத்திரம் ஒப்படைத்த ஆவணத்தைப் பதிவு செய்திருந்தால், கடன் தீர்ந்த ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டும். அதைச் செய்யாத வீடுகளின் வில்லங்கச் சான்றில், என்றோ அடைத்த கடன் இன்னும் அடைபடாததாகவே நிற்கிறது.