கல்லில் இல்லாத கல்வெட்டு

நேயர்களே, சிறுவயதில் ஒருநாள் அம்மப்பாவோடு குருமண்வெளித் துறையில் பாதையேறி, வாவியைக் கடந்து, மண்டூர்க் கோயில் திருவிழாவுக்குப் போயிருந்தேன். எந்தத் திருவிழா எந்தக் குடியாருக்கு உரியது என்று பெரியவர்களிடையே பேச்சு எழுந்தது. "கல்வெட்டில அப்படித்தான் கிடக்கு" என்று அம்மப்பா முடித்துவைத்தார். நான் கோயில் வீதியைச் சுற்றி வந்து அந்தக் கல்லைத் தேடினேன். அவர் சிரித்தார். "கல்லில இல்ல மனே, ஓலையில கிடக்கு."

மட்டக்களப்பில் கல்வெட்டு என்பது கல்லில் வெட்டியது மட்டுமன்று. குடிகளின் வரவையும் கோயில் உரிமைகளையும் கூறும் ஏட்டுக்கும் அதுவே பெயர். பங்கு கூறும் கல்வெட்டு என்றே ஒன்று உண்டு. இத்தகைய ஏட்டுச் செய்திகள் திரண்டதே 'மட்டக்களப்பு மான்மியம்'. அதனை எப். எக்ஸ். சி. நடராசா பதிப்பித்து 1962இல் அச்சேற்றினார். 1964இல் பண்டிதர் வி. சீ. கந்தையாவின் 'மட்டக்களப்புத் தமிழகம்' வெளிவந்தது. இவற்றுக்கு முன்னரே, 1921இல், எஸ். ஓ. கனகரத்தினம் இம்மாவட்டத்தைப் பற்றி ஆங்கிலத்தில் நூல் எழுதியிருந்தார்.

மான்மியத்தை முதன்முதல் படித்தபோது எனக்கு ஏமாற்றமே மிஞ்சியது. ஆடகசவுந்தரியின் கதை வருகிறது. கலியாண்டுக் கணக்கு வருகிறது. மாகோன் வகுத்த முறைகள் வருகின்றன. 1215இல் பொலன்னறுவையைக் கைப்பற்றிய கலிங்க மாகனே இந்த மாகோன் என்பர். ஆயினும் ஏட்டின் காலக்கணக்குப் பல இடங்களில் பிற சான்றுகளோடு இசைவதில்லை. இதுவா வரலாறு என்று புத்தகத்தை மூடிவைத்தேன்.

பின்னர்தான் அம்மப்பாவின் சிரிப்பு நினைவுக்கு வந்தது. அந்த ஓலை ஆண்டுக்கணக்குச் சொல்ல எழுந்ததன்று. யார் எங்கே நிற்பது, யாருக்கு என்ன பங்கு என்ற வழக்கைத் தீர்க்க எழுந்தது. அப்படிக் கேட்டால் அது நமக்கு விடை சொல்லும். திமிலரை வெல்ல முக்குவருக்குப் பட்டாணியர் துணைநின்றனர் என்ற கதையை எடுத்துக்கொள்வோம். போர் நடந்த ஆண்டை அதில் தேடிப் பயனில்லை. தமிழரும் முஸ்லிம்களும் எந்த உறவை நினைவிற்கொண்டு அயலவராக வாழ்ந்தனர் என்பதை அது காட்டும். அக்கரைப்பற்று முதலிய ஊர்களின் முஸ்லிம்களிடமும் தாய்வழிக் குடிமுறை உண்டு. பள்ளிவாசல் மரைக்காயர் பதவியும் குடிவழியே வந்தது. இந்த ஒற்றுமை தற்செயலானதன்று.

இன்னொன்றும் நோக்கத்தக்கது. தாய்வழியே சொத்து இறங்கும் முக்குவர் வழமையைப் பற்றிக் கிறிஸ்தோபர் பிரிட்டோ 1876இல் ஆங்கிலத்தில் நூல் வெளியிட்டார். அதே ஆண்டில் வந்த கட்டளைச் சட்டம் அந்த வழமையை வழக்கொழியச் செய்தது. நீதிமன்றிலிருந்து மறைந்த குடிமுறை கோயிலில் நிலைத்தது. வண்ணக்கர் தெரிவிலும் திருவிழா உரிமையிலும் தாயின் குடியே பேசிற்று.

ஆயினும் ஓலையை முழுவதும் நம்பிவிடலாகாது. உரிமை பெற்றவர்கள் எழுதிவைத்த ஏட்டில் ஊழியம் செய்தவர்கள் தம் கடமைகளோடு மட்டுமே வருவர். அவர்தம் இன்பமும் துன்பமும் அங்கில்லை. நாட்டுப் பாடல்களையும் வழக்கங்களையும் கந்தையா தம் நூலில் தொகுத்துத் தந்தது இதனாலேயே பெரும்பணியாகிறது. வயலிலும் தொட்டிலடியிலும் பாடியவர்களின் குரல் அதில் உண்டு. ஒரு நூலின் மௌனத்துக்கு மற்றது விடை கூறுகிறது. இரண்டையும் சேர்த்தே படிக்கவேண்டும்.

அம்மப்பாவின் ஓலைக்கட்டு எங்கள் வீட்டு இறப்பில் செருகிக் கிடந்தது. 1978 நவம்பர் 23ஆம் திகதி வீசிய சூறாவளியில் கூரை பறந்தது, ஓலையும் போயிற்று. அதில் ஒரு வரியைக்கூட நான் எழுதி வைத்திருக்கவில்லை. மான்மியத்தில் எங்கள் குடி பற்றிய பக்கத்தை இப்போதும் விரித்துப் பார்ப்பதுண்டு. அம்மப்பா சொன்னது வேறு, அதிலிருப்பது வேறு. எது சரியென்று ஒப்புநோக்க அந்த ஓலை இல்லை.

நேயர்களே, உங்கள் வீட்டுப் பெட்டகத்தில் ஓர் ஏடு கிடக்கலாம். அதைப் படிக்கத் தெரிந்த ஒரு பெரியவர் அயலில் இருக்கலாம். இந்த வார இறுதியில் அவரை அழைத்து வாசிக்கச் சொல்லுங்கள். ஒரு கொப்பியில் எழுதிக்கொள்ளுங்கள்.