மொஸ்ஜூகினின் முகம்

சினிமா பற்றி எழுதுகிறவர்கள் ஒரு முகத்தைத் தவறாமல் குறிப்பிடுவார்கள். ஒரு நடிகனின் அண்மைக் காட்சி. அதையே மூன்று இடத்தில் வைத்து, ஒன்றை அடுத்து சூப் உள்ள தட்டு, ஒன்றை அடுத்து சவப்பெட்டியில் ஒரு பெண், இன்னொன்றை அடுத்து பொம்மைக் கரடியோடு விளையாடும் சிறுமி என்று ஒட்டிக் காட்டினார் லெவ் குலெஷோவ். பசி, துக்கம், வாஞ்சை மூன்றையும் நடிகன் எவ்வளவு நுட்பமாகக் காட்டிவிட்டான் என்று பார்த்தவர்கள் வியந்தார்களாம். இது புடோவ்கின் எழுதிவைத்தது. குலெஷோவ் பின்னாளில் சொன்னது சற்று வேறு. அந்தத் துண்டுப் படமோ இன்று இல்லை. ஆனாலும் படத்தொகுப்புதான் சினிமா, நடிகன் வெறும் கச்சாப்பொருள் என்ற சித்தாந்தத்துக்கு இன்றுவரை அதுவே சாட்சி.

சாட்சி சொன்ன முகத்துக்குச் சொந்தக்காரர் இவான் மொஸ்ஜூகின். 1889இல் பென்ஸாப் பகுதியில் பிறந்தவர். மாஸ்கோவில் இரண்டு வருஷம் சட்டம் படித்துவிட்டு ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுவில் சேர்ந்தார். 1911லிருந்து சினிமா. 1913இல் கோகோலின் கதையில் சாத்தான், 1916இல் புரோட்டஸானோவ் எடுத்த புஷ்கின் கதையில் சூதாட்ட வெறி பிடித்த ஹெர்மன்.

'ஃபாதர் செர்ஜியஸ்' 1918இல் வந்தது. டால்ஸ்டாயின் கதை. தன் மணப்பெண் ஜாரின் ஆசைநாயகியாக இருந்தவள் என்று அறிந்து துறவியாகும் ராணுவ அதிகாரி. ஜாரையும் மடத்தையும் இப்படித் திரையில் காட்ட 1917க்கு முன் வழியில்லை. இளைஞனிலிருந்து தள்ளாத கிழவன்வரை மொஸ்ஜூகினே நடித்தார். தன்னை மயக்க வந்தவளிடமிருந்து தப்பக் கோடரியால் விரலை வெட்டிக்கொள்ளும் இடத்தில் இன்னொரு நடிகர் கூத்தடித்திருப்பார். இவர் கண்களை மட்டும் நம்புகிறார். அன்றைய ருஷ்யப் படங்களின் நிதானம், அசையாமல் நின்று உள்ளே நடப்பதைக் கசியவிடும் அந்தப் பயிற்சி, அதில் பூரணமாக இருக்கிறது.

இதைப் பார்த்தபின் குலெஷோவின் சோதனை எனக்கு வேறு மாதிரித் தெரிகிறது. உணர்ச்சி வெளிப்படாத அமைதியான காட்சியாகப் பார்த்தே தேர்ந்தெடுத்தோம் என்கிறார் புடோவ்கின். சரி, அந்த அமைதி யாருடையது? ஒன்றும் செய்யாதிருப்பதும், செய்யாமல் அடக்கி நிறுத்துவதும் ஒன்றல்ல. தவிர, ருஷ்யப் பார்வையாளனுக்கு அது பெயர் தெரியாத முகமும் அல்ல. ஜார் காலத் திரையின் மிகப் பெரிய நட்சத்திரம். அவன் அந்த முகத்தில் ஏற்கனவே பசியையும் துக்கத்தையும் பார்த்திருக்கிறான். வெட்டி ஒட்டியவரின் சாமர்த்தியத்தை மறுக்கவில்லை. கணக்கில் ஒரு கடன் விட்டுப்போயிற்று என்கிறேன்.

மாஸ்கோவில் அவர் முகம் பாடப்பொருளானபோது ஆள் அங்கே இல்லை. 1920இல் யெர்மோலியெவின் கம்பெனியோடு யால்டாவிலிருந்து கப்பலேறி, கான்ஸ்டாண்டினோபிள் வழியாகப் பாரீஸ் போய்விட்டார். நகரத்தை ஒட்டிய மோந்த்ரேயில் அந்த அகதிகள் ஒரு ஸ்டூடியோவை நடத்தினார்கள். 1923இல் அவரே இயக்கி நடித்த 'லெ பிராசியே ஆர்தான்' காசு பார்க்கவில்லை. ஆனால் அதைப் பார்த்துத்தான் மண்பாண்டத் தொழிலை விட்டு சினிமாவுக்கு வந்ததாக ழான் ரெனுவார் எழுதியிருக்கிறார். 1926இல் லெர்பியே இயக்கத்தில் பிராண்டெல்லோவின் மத்தியா பாஸ்கல்: இறந்துவிட்டதாக ஊர் முடிவுசெய்தபின் வேறு பெயரில் வாழப் பார்க்கும் மனிதன். தேசம் இழந்தவருக்கு இதைவிடப் பொருத்தமான வேஷம் கிடைத்திருக்காது.

ஹாலிவுட் அவரை அழைத்துப் பெயரைச் சுருக்கியது. மூக்கையும் திருத்தியது என்பார்கள். 1927இல் 'சரண்டர்' என்ற ஒரே படம், பிறகு ஐரோப்பாவுக்கே திரும்பினார். பேசும்படம் வந்தது. அவருடைய பிரெஞ்சில் ருஷ்யா கனமாக ஒலித்தது. வாய்ப்புகள் சுருங்கி, 1936இல் 'நிச்சேவோ'வில் ஒரு சிறு வேஷத்தில் முடிந்தது. 1939 ஜனவரியில் நெய்யியில் காசநோயால் இறந்தார். வயது 49.