கழலை: ஒரு மருத்துவச் சொல்லின் பொருளும் பெயர்ச்சியும் – கல்வராயன் மலைப் பகுதியை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

தோலுக்கடியில் தோன்றும் கொழுப்புத் திரட்சியைச் சுட்ட இன்று 'கொழுப்புக் கட்டி' என்னும் தொடரே பெருவழக்காக உள்ளது. இதற்கு உரிய பழஞ்சொல்லாகிய 'கழலை' அருகிய வழக்காகி, பெரும்பாலும் கழுத்து வீக்கத்தைக் குறிக்கும் தொடரில் மட்டும் எஞ்சியுள்ளது. கழலை என்பது உள்ளிருக்கும் பொருளால் அமைந்த பெயரன்று. விரலுக்குப் புலப்படும் இயல்பால் அமைந்த பெயர் என்பதே இக்கட்டுரையின் கருதுகோள். இச்சொல்லின் வேர், இனமொழி வழக்கு, வடமொழி, கிரேக்க மரபுகளின் பெயரிடுமுறை, அயோடின் குறைபாட்டுத் தடுப்புத் திட்டத்தால் நேர்ந்த பொருட்சுருக்கம் ஆகியன இங்கு ஆராயப்படுகின்றன. கல்வராயன் மலையும் கள்ளக்குறிச்சியும் சேர்ந்த மருத்துவச் சூழலில் இச்சொல்லுக்குரிய பயன் இறுதியில் சுட்டப்படுகிறது.

திறவுச்சொற்கள்: கழலை, கட்டி, கொழுப்பு, முன்கழுத்துக் கழலை, கலைச்சொல், கல்வராயன் மலை.

முன்னுரை

கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியான கல்வராயன் மலை நெடுங்காலம் சாகிர்தார்களின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. 1976ஆம் ஆண்டில்தான் அது அரசின் நேரடி நிருவாகத்திற்குள் வந்தது. இம்மலையில் வாழும் பழங்குடியினர் மலையாளிகள் எனப்படுவர். இப்பெயர் மலையில் வாழ்வோர் என்ற பொருளுடையது. இவர்கள் பேசுவது தமிழே. விழுப்புரம் மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்டு 2019 நவம்பர் 26 அன்று கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாயிற்று. அங்கு அமைந்த அரசு மருத்துவக் கல்லூரி 2022 சனவரி 12 அன்று திறந்துவைக்கப்பட்டது.

இவ்வாறு மலையும் மருத்துவக் கல்லூரியும் ஒரே மாவட்டத்திற்குள் வந்தபோது இரண்டு மொழிவழக்குகளும் நெருங்கின. ஒன்று, நோயைத் தொட்டும் பார்த்தும் பெயரிட்ட மக்கள் வழக்கு. மற்றொன்று, திசுவை நுண்ணோக்கியில் கண்டு பெயரிடும் அறிவியல் வழக்கு. தோளிலோ முதுகிலோ வலியற்ற வீக்கத்துடன் மலையிறங்கி வரும் ஒருவரிடம் மருத்துவர் 'கட்டி' என்று சொல்லும்போது, கேட்பவர் மனத்தில் எப்பொருள் எழும் என்பது மொழியியல் வினா மட்டுமன்று. மருத்துவ வினாவும் ஆகும். இந்த வினாவே கழலை என்னும் சொல்லை மீண்டும் ஆராயத் தூண்டுகிறது.

சொல்லின் வேர்

1862இல் வெளிவந்த வின்சுலோ அகராதியும், 1924 முதல் 1936 வரை சென்னைப் பல்கலைக்கழகம் வெளியிட்ட தமிழ்ப் பேரகராதியும் கழலை என்பதற்கு உடலில் எழும் கட்டி, தசைத் திரட்சி என்ற பொருளைத் தருகின்றன. ஆயின் கட்டி என்ற சொல் இருக்கக் கழலை என்றொரு சொல் ஏன் தேவைப்பட்டது என்பது கருதத்தக்கது.

'கழல்' என்னும் வினைக்கு நெகிழ்தல், பிடியிலிருந்து நழுவுதல் என்பன பொருள். பிரிவால் மெலிந்த தலைவியின் வளை கழலுதல் சங்க அகப்பாடல்களில் மீண்டும் மீண்டும் வருவது. திருகு கழன்றது, சக்கரம் கழன்றது, மறை கழன்றவன் என இன்றைய பேச்சிலும் இவ்வினை உயிர்ப்புடன் உள்ளது. உழல் என்னும் வினையிலிருந்து உழலை என்னும் பெயர் தோன்றியதுபோலக் கழல் என்பதிலிருந்து கழலை தோன்றியது எனக் கொள்வதற்கு இலக்கண முறையில் தடையில்லை. அவ்வாறாயின் கழலை என்பது 'நழுவுவது', 'பிடிபடாமல் நகர்வது' எனப் பொருள்படும்.

இப்பொருள் கொழுப்புத் திரட்சியின் இயல்புடன் வியக்கத்தக்க வகையில் ஒத்துப்போகிறது. இன்றைய அறுவை மருத்துவம் கற்பிக்கும் எளிய சோதனைகளுள் ஒன்று, அத்திரட்சியின் விளிம்பை விரலால் அழுத்துவது. அழுத்தும்போது விளிம்பு விரலுக்குச் சிக்காமல் நழுவிச் செல்லும். மருத்துவ மாணவர் இதை 'நழுவல் அடையாளம்' என்று பொருள்படும் ஆங்கிலத் தொடரால் பயில்கின்றனர். அதே அடையாளத்தைத் தமிழ் நோயின் பெயராகவே ஆக்கியிருக்கிறது என்று கருத இடமுண்டு.

இனமொழி வழக்கும் இதற்குத் துணைநிற்கிறது. மலையாள மொழியில் 'கழல' என்பது காலில் புண் ஏற்படும்போது தொடையிடுக்கில் உருளும் நிணநீர்க்கணு வீக்கத்தைக் குறிக்கும். தமிழ்ப் பேச்சுவழக்கு இதனை 'நெறி கட்டுதல்' என்கிறது. உறுப்பும் காரணமும் வேறுபட்டாலும், விரலுக்கடியில் உருண்டு நகர்தல் என்னும் பண்பு இரண்டிற்கும் பொது. கழலை என்பதற்குத் தளர்ந்து தொங்குவது என்றும் பொருள் கூறலாம். ஆயின் முதுகிலும் தொடையிடுக்கிலும் எழும் சிறு வீக்கங்கள் தொங்குவன அல்ல. ஆகவே நகர்தற் பொருளே இவ்வழக்குகளுக்கு மிகுதியும் பொருந்துகிறது.

கட்டியும் கழலையும்

கட்டி என்பது 'கட்டு' என்னும் வினையடியாகப் பிறந்தது. இறுகுதல், திரண்டு கெட்டியாதல் என்பன அதன் அடிப்படைப் பொருள். வெல்லக்கட்டி, மண்ணாங்கட்டி, பனிக்கட்டி என்னும் வழக்குகளில் இறுக்கமே முதன்மை. மருத்துவத்தில் சீழ்க்கட்டி, மூலக்கட்டி, மார்பகக் கட்டி, மூளைக் கட்டி எனச் சீழ் வைத்த புண் முதல் புற்றுநோய் வரை அனைத்தையும் இச்சொல் ஏற்றுக்கொண்டது.

தமிழ் மருத்துவ வழக்கு உடலில் எழும் புடைப்புகளை ஒரே சொல்லால் குறித்ததில்லை. தோலின் மேல் எழுவது பரு, மரு, பாலுண்ணி. பல கண்களாகப் பிளந்து சீழ் வடிப்பது பிளவை. கழுத்தில் மாலைபோல் வரிசையாக எழுவது கண்டமாலை. தொடையிடுக்கில் எழுவது அரையாப்பு. வடிவம், இடம், முதிர்வு ஆகியவற்றை நோக்கி இட்ட இப்பெயர்களின் வரிசையில் கழலை அசைவை நோக்கி இட்ட பெயராகிறது. கழலையின் இடத்தைக் கட்டி கைப்பற்றியபோது ஒரு சொல் குறைந்ததோடு, ஒரு வேறுபாடும் மறைந்தது.

உள்ளீட்டால் பெயரிட்ட மரபுகள்

இந்த வேறுபாட்டின் சிறப்பைப் பிற மருத்துவ மரபுகளுடன் ஒப்பிட்டு அறியலாம். சுசுருத சங்கிதையின் நிதானத்தானம் பதினோராம் இயல் கிரந்தி, அற்புதம் ஆகியவற்றின் வகைகளைக் கூறுகிறது. அவற்றுள் மேதசினால், அதாவது கொழுப்பினால் தோன்றும் கிரந்தி பெரிதாகவும் மினுமினுப்பாகவும் இருக்கும்; வலி குறைவு, அரிப்பு மிகுதி; உடல் பருத்தால் அதுவும் பருக்கும், உடல் மெலிந்தால் அதுவும் குறையும்; பிளந்தால் எள்ளுப் பிண்ணாக்கும் நெய்யும் போன்ற பொருள் வெளிப்படும் என்பது அந்நூலின் விளக்கம்.

இவ்விளக்கம் கூர்மையானது, எனினும் இன்றைய வகைப்பாட்டில் ஒரே நோய்க்கு உரியதன்று. பிண்ணாக்குப் போன்ற உள்ளீடு தோலின் நுண்பைகள் அடைபட்டு உண்டாகும் நீர்மக்கட்டிக்கே பொருந்தும். கொழுப்புக் கழலையைப் பிளந்தால் மஞ்சள் நிறக் கொழுப்புத் திசுவே காணப்படும். மேலும் உடல் மெலிவதால் அது கரைவதில்லை என்பதே இன்றைய மருத்துவக் கருத்து.

உரோம எழுத்தாளர் செல்சசு கி.பி. முதல் நூற்றாண்டில் எழுதிய மருத்துவ நூலின் ஏழாம் பகுதியில் தலையில் எழும் புடைப்புகளுக்குக் கிரேக்கப் பெயர்களைத் தருகிறார். மெலிசெரிசு தேனால், அதெரோமா கூழால், சிடீயடோமா நிணத்தால் பெயர்பெற்றவை. இங்கும் அறுத்தபின் வெளிப்படுவதே பெயருக்கு அடிப்படை. 1709இல் பிரெஞ்சு மருத்துவர் லித்ரே லிப்போமா என்னும் சொல்லை ஆண்டபோதும் கொழுப்பைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லையே அடியாகக் கொண்டார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் விர்ச்சோ முதலியோர் கட்டிகளை உயிரணு அடிப்படையில் வகுத்தபின் பழைய சிடீயடோமா வழக்கொழிய, லிப்போமா நிலைபெற்றது.

வடமொழியும் கிரேக்கமும் கத்திக்குப் பின் தெரிவதைக் கொண்டு பெயரிட்டன. தமிழ் கத்திக்கு முன் விரலுக்குத் தெரிவதைக் கொண்டு பெயரிட்டது. அதனாலேயே கழலை என்பது கொழுப்புக்கு மட்டும் உரியதாக நில்லாமல், நகரும் பிற மென்வீக்கங்களையும் தழுவும் பொதுப்பெயராயிற்று. இது அச்சொல்லின் வலிமை. துல்லியமான கலைச்சொல்லாவதற்கு அதுவே தடையுமாகும்.

கலைச்சொல்லாக்கமும் நிணம் என்னும் சிக்கலும்

தமிழில் மேலைமருத்துவம் கற்பிக்கும் முயற்சி யாழ்ப்பாணம் மானிப்பாயில் அமெரிக்க மிசன் மருத்துவர் சாமுவேல் பிசுக் கிரீனால் விரிவாக மேற்கொள்ளப்பட்டது. 1847இல் யாழ்ப்பாணம் வந்த அவர் வெளியிட்ட நூல்களுள் அறுவை மருத்துவத்திற்குரிய இரண வைத்தியம் 1867இல் வெளிவந்தது. முதலில் தமிழ்ச்சொல்லைத் தேடுதல், கிடைக்காதபோது வடசொல்லை நாடுதல், அதுவும் பொருந்தாதபோது ஆங்கிலச் சொல்லை ஒலிபெயர்த்தல் என்பதே அவர் கடைப்பிடித்த முறை. இருபதாம் நூற்றாண்டில் டி. வி. சாம்பசிவம் பிள்ளை தொகுத்த பேரகராதி சித்த மருத்துவச் சொற்களை ஒருங்கு திரட்டியது.

கொழுப்புக் கழலைக்குத் தமிழ்ப் பெயர் ஆக்குவோர் எதிர்கொள்ளும் சிக்கல் ஒன்று உண்டு. பழந்தமிழில் கொழுப்பைக் குறித்த சொற்களுள் முதன்மையானது நிணம். ஆயின் இக்கால அறிவியல் தமிழ் 'நிணநீர்' என்பதை உடலில் ஓடும் வேறொரு நீர்மத்திற்குப் பெயராக்கிவிட்டது. எனவே 'நிணக்கழலை' என்று இன்று ஆக்கினால் அது நிணநீர்க்கணு வீக்கம் எனப் பிறழ உணரப்படும். அந்நோயோ முற்றிலும் வேறான ஆய்வையும் மருத்துவத்தையும் வேண்டுவது. சித்த மருத்துவம் கூறும் ஏழு உடற்கட்டுகளுள் நான்காவதாகிய 'கொழுப்பு' என்னும் சொல் இம்மயக்கத்திற்கு இடந்தருவதில்லை.

கழுத்துக்கு நகர்ந்த சொல்

கழலையின் பொருள் சுருங்கியதற்குத் தெளிவான சமூகக் காரணம் ஒன்று உண்டு. 1962இல் இந்திய அரசு தேசிய காய்ட்டர் கட்டுப்பாட்டுத் திட்டத்தைத் தொடங்கியது. 1992இல் அது அயோடின் குறைபாட்டு நோய்கள் அனைத்தையும் உள்ளடக்கும் திட்டமாகப் பெயர் மாற்றம் பெற்றது. 2006இல் அயோடின் கலவாத உப்பை மக்கள் உணவுக்காக விற்பதற்கு நாடு முழுவதும் மீண்டும் தடை விதிக்கப்பட்டது. தைராய்டு சுரப்பி வீங்கும் இந்நோய்க்குத் தமிழ்ப் பாடநூல்கள் 'முன்கழுத்துக் கழலை' என்னும் தொடரை ஏற்றன.

இத்தேர்வு வேர்ப்பொருளுக்கு முரணானதன்று. தைராய்டு வீக்கம் உமிழ்நீரை விழுங்கும்போது மேலெழுந்து கீழிறங்கும். அவ்வசைவே அதனைக் கழுத்தின் பிற வீக்கங்களிலிருந்து பிரித்தறிய உதவும் அடையாளம். ஆயின் விளைவு வேறாயிற்று. பள்ளியில் பயின்ற ஒரே தொடரில் மட்டும் சொல்லைக் கேட்டவர்க்குக் கழலை என்பதே கழுத்து நோய் என்றாயிற்று. அடைமொழி உதிர்ந்து, சொல் தன் பொதுப்பொருளை இழந்தது.

மழையும் மண்ணரிப்பும் மண்ணின் அயோடினைக் கரைத்துச் செல்வதால் மலைவாழ் மக்கள் அயோடின் குறைபாட்டுக்கு ஆளாகும் வாய்ப்பு மிகுதி என்பது பொதுவான மருத்துவ விளக்கம். ஆகவே கல்வராயன் போன்ற மலைப்பகுதிகளில் இவ்விழிப்புணர்வு இன்றியமையாதது. அங்குத் தோளில் எழுந்த கொழுப்புத் திரட்சியை அடைமொழியின்றிக் கழலை என்று எழுதினால் உப்போடு தொடர்புடைய நோயாகக் கருதப்படலாம். கட்டி என்று மட்டும் சொன்னால் புற்று என்ற அச்சம் எழலாம். முதல் மயக்கம் வேண்டாத மருந்துக்கும், இரண்டாவது அச்சத்துக்கும் மருத்துவமனையைத் தவிர்ப்பதற்கும் வழிவகுக்கும்.

சொல்லின் பயனும் எல்லையும்

மேற்கண்டவற்றால் மூன்று முடிபுகள் பெறப்படுகின்றன. முதலாவது, லிப்போமா என்பதற்குக் 'கொழுப்புக் கழலை' என்னும் தொடர் பொருத்தமானது. அதன் முற்பகுதி திசுவையும் பிற்பகுதி இயல்பையும் உணர்த்துகிறது. இரண்டாவது, தைராய்டு வீக்கத்தைக் குறிக்கும்போது 'முன்கழுத்து' என்னும் அடைமொழியை ஒருபோதும் நீக்கலாகாது. மூன்றாவது, புற்றுத்தன்மையுடைய திரட்சியைக் கழலை என்னும் பொதுச்சொல்லால் குறிப்பதைத் தவிர்த்தல் நன்று. அத்தகைய திரட்சி பெரும்பாலும் சுற்றுத் திசுக்களில் ஊடுருவி நிலைத்துவிடுவதாதலின் நழுவுதல் என்னும் வேர்ப்பொருள் அதற்குப் பொருந்தாது.

எனினும் சொல் நோயறிதலுக்கு மாற்றாகாது. விரலுக்கு நழுவுவதெல்லாம் தீங்கற்றது என்று கொள்ளுதல் தவறு. ஐந்து சென்டிமீட்டருக்கு மேற்பட்டது, விரைந்து வளர்வது, ஆழத்தில் அமைந்தது, வலி தருவது ஆகியவற்றைக் கொழுப்புத் திசுப் புற்றன்று என உறுதிசெய்தல் இன்றியமையாதது. பழஞ்சொல்லை மீட்பது இந்த எச்சரிக்கையுடன் சேர்ந்தே நிகழவேண்டும்.

முடிவுரை

கழலை என்னும் சொல் தொடுதலால் பெற்ற அறிவைத் தன்னுள் கொண்டிருக்கிறது. உள்ளீட்டை நோக்கிய வடமொழி, கிரேக்கப் பெயர்களிலிருந்து அது வேறுபடுவது இப்பண்பினாலேயே. கட்டி என்னும் சொல்லின் விரிவாலும் முன்கழுத்துக் கழலை என்னும் தொடரின் பரவலாலும் அச்சொல் தன் இடத்தை இழந்தது. கள்ளக்குறிச்சியின் மருத்துவமனைகளில் நோயாளியிடம் ஒப்புதல் பெறும் படிவத்திலும் அறுவைக்கு முந்தைய விளக்கத்திலும் 'கொழுப்புக் கழலை. தோலுக்கடியில் நகரும் கொழுப்புத் திரட்சி. சோதித்ததில் புற்றன்று' என எழுதப்படுமாயின், கல்வராயன் மலையிலிருந்து வரும் ஒருவர் தம் உடலில் உள்ளது இன்னதென்று தம் மொழியிலேயே அறிந்து கையொப்பமிட இயலும்.